ஐயாவுக்குப் பதினேழு வயது

ஒருங்கமை சமன்பாடு படிப்பிக்க வருகிற புதிய ஆசிரியர்களிடம் நான் முதலில் கேட்பது, "x யார்?" என்றுதான். போன முறை இப்படிக் கேட்டபோது உங்களில் ஒருவர் எழும்பி நின்று, "தெரியாக் கணியம், மிஸ்" என்றார். பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்துவிட்டு வந்த பிள்ளை. "தெரியாத ஆளை வீட்டுக்குள் விட்டுவிட்டு என்ன செய்யப் போகிறீர்?" என்று கேட்டேன். எல்லோரும் சிரித்தார்கள். அவரும் சிரித்தார், பாவம், ஆனால் ஏன் சிரித்தோம் என்று அவருக்கு விளங்கவில்லை. அவருக்காகத்தான் முக்கியமாக இதை எழுதுகிறேன். மற்றவர்களும் வாசிக்கலாம்.

நீக்கல் முறை, பிரதியிடல் முறை எல்லாம் உங்களுக்குத் தெரியும். தெரியாவிட்டால் வெள்ளவத்தையில் சந்துக்குச் சந்து, ஒழுங்கைக்கு ஒழுங்கை ஒரு டியூட்டரி இருக்கிறது, போய்ப் படியுங்கள். குணகத்தைச் சமப்படுத்துவது, குறியை மாற்றுவது, கழிப்பது, இதெல்லாம் நாலைந்து கணக்குச் செய்தால் பிள்ளைகளுக்குக் கைவந்துவிடும். என் கவலை அதற்கு முந்தின வரி. "பேனைகளின் எண்ணிக்கை x என்க" என்று எழுதுகிறோமே, அந்த வரி. என்னிடம் படித்த ஒருத்தி ஒவ்வொரு கணக்கையும் "x என்க, y என்க" என்று தொடங்குவாள். பேனையும் இல்லை, பென்சிலும் இல்லை, வெறும் என்க. x எது பிள்ளை என்று கேட்டால், "x தான் மிஸ்" என்பாள். அவள் இப்போது ஒரு வங்கியில் பெரிய உத்தியோகத்தில் இருக்கிறாள். அங்கே என்னத்தை என்க என்கிறாளோ, கடவுளுக்குத்தான் வெளிச்சம்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நான் ஓய்வு பெற்ற பிறகு நடந்தது இது. ஒரு நலன்புரிச் சங்கம் வருடந்தோறும் கொழும்புப் பாடசாலைகளுக்கிடையில் கணித வினாடி வினா நடத்துகிறது. சிங்கள மொழிப் போட்டி காலையில் நுகேகொடையில் நடக்கும். தமிழ் மொழிப் போட்டி பின்னேரம் பாமன்கடையில் ஒரு மண்டபத்தில் நடக்கும். கேள்விகள் இரண்டுக்கும் ஒன்றுதான். நுகேகொடையில் ஒரு ஆசிரியர் சிங்களத்தில் எழுதுவார், எங்கள் பக்கத்தில் ஒருவர் தமிழுக்கு மாற்றுவார். அந்த வருடம் மாற்றியவர் சுதன் என்ற இளம் ஆசிரியர். கிராண்ட்பாஸில் பிறந்து வளர்ந்த பிள்ளை, சிங்களமும் தமிழும் தண்ணீர்ப் பட்டபாடு. மேடையில் நின்று கேள்விகளை வாசித்ததும் அவர்தான்.

நடுவர்கள் இரண்டு பேர். தலைமை நடுவர் ஓய்வு பெற்ற அதிபர், மருதானைப் பக்கத்து முஸ்லிம் மனிதர். அவருக்குச் சட்டென்று கோபம் வரும், அதைவிடச் சட்டென்று சிரிப்பு வரும். மற்ற நடுவர் நான். என்னைப் போட்டதே ஒரு வில்லங்கம். என் வீடு வெள்ளவத்தையில். படிப்பித்ததும், கத்தியதும், தலை நரைத்ததும் கொட்டாஞ்சேனையில். அன்றைக்கு இறுதிச் சுற்றுக்கு வந்து நின்ற இரண்டு பாடசாலைகள் எவை என்று நினைக்கிறீர்கள்? ஒன்று வெள்ளவத்தை. மற்றது கொட்டாஞ்சேனை, அதுவும் நான் படிப்பித்த அதே பாடசாலை!

வெள்ளவத்தைக்காரருக்குக் கிண்ணம் புதிதில்லை. அவர்களுடைய அதிபரின் அறை அலுமாரியில் அதற்கென்று ஒரு தட்டே இருக்கிறது. கொட்டாஞ்சேனை ஒரு வருடம்கூட வாங்கவில்லை. நானே எத்தனையோ தரம் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வந்து, தோற்று, பஸ்ஸில் அவர்களுக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டு போயிருக்கிறேன். ஆகவே ஒளிக்காமல் சொல்கிறேன், உடம்பு நடுவர் கதிரையில் இருந்தது, மனம் எழும்பிப் போய்க் கொட்டாஞ்சேனைப் பக்கம் குந்திக்கொண்டது.

கடைசிக் கேள்வி வந்தபோது இரண்டு அணியும் சரிக்குச் சரி. இதற்கு யார் விடை சொல்கிறார்களோ அவர்களுக்குக் கிண்ணம். சுதன் தொண்டையைச் செருமிக்கொண்டு வாசித்தார்.

"ஐயாவின் வயதின் இரு மடங்கையும் தம்பியின் வயதையும் கூட்டினால் நாற்பத்தேழு. ஐயாவின் வயதையும் தம்பியின் வயதின் இரு மடங்கையும் கூட்டினால் நாற்பத்துமூன்று. இருவரின் வயதையும் காண்க."

நல்ல கணக்கு. இரண்டையும் கூட்டி மூன்றால் வகுத்தால் இருவரின் வயதும் சேர்ந்து முப்பது. ஒன்றிலிருந்து மற்றதைக் கழித்தால் வித்தியாசம் நான்கு. கெட்டிக்காரப் பிள்ளை பேனையே எடுக்காமல் சொல்லிவிடும்.

முதலில் மணியை அடித்தது வெள்ளவத்தை அணித் தலைவி யதுஷா. பத்தாம் தரம், மெல்லிய பிள்ளை, கண்ணாடி போட்டிருந்தாள். அவளுடைய குடும்பம் சில வருடங்களுக்கு முன்தான் யாழ்ப்பாணத்திலிருந்து வெள்ளவத்தைக்கு வந்திருந்தது. "பதினேழு..." என்று தொடங்கினாள். நிறுத்தினாள். முகம் ஒரு மாதிரியாகிவிட்டது. விரல்களில் எதையோ திரும்பவும் கூட்டிப் பார்த்தாள். பிறகு, "விடை இல்லை, சேர்" என்றாள்.

சுதன் பிழை என்று சொல்லிக் கேள்வியைக் கொட்டாஞ்சேனைக்குக் கொடுத்தார். அங்கே அணித் தலைவன் டிலக்சன், பதினோராம் தரம், இருந்த இடத்தில் இருக்க மாட்டாத பொடியன். "அய்யாவுக்குப் பதினேழு, தம்பிக்குப் பதிமூணு!" என்று மண்டபம் அதிரச் சொன்னான். விடைத்தாளிலும் அதுதான் இருந்தது. கொட்டாஞ்சேனைப் பிள்ளைகள் கதிரைகளைத் தள்ளிவிட்டு எழும்பிக் குதித்தார்கள். நானும் எழும்பிக் குதித்திருப்பேன், முழங்கால் விடவில்லை.

அந்தச் சத்தத்துக்குள் யதுஷா இன்னும் நின்றுகொண்டிருந்தாள். கையை உயர்த்தி, "சேர்," என்று கேட்டாள், "நாலு வயசில ஒராள் ஐயாவாக ஏலுமே?"

வெள்ளவத்தைப் பெற்றோர் பக்கத்தில் குபீரென்று சிரிப்பு. கொட்டாஞ்சேனைப் பக்கத்தில் ஒருவருக்கும் விளங்கவில்லை. டிலக்சன் அப்பாவியாகத் திருப்பிக் கேட்டான்: "ஏன் ஏலாது? எங்க அய்யா மூணு வயசுலயே அய்யா ஆயிட்டாரு!"

இப்போது அந்தப் பக்கம் விளங்காமல் முழித்தது.

நான் தலையில் கை வைத்தேன். எனக்கு விளங்கிவிட்டது. யதுஷாவின் வீட்டில் ஐயா என்றால் அப்பா. அந்த வீடுகளில் அப்பா மகனைக் கூப்பிடுவதும் "தம்பி" என்றுதான். ஆகவே ஐயாவும் தம்பியும் என்றால் அவளுக்குத் தகப்பனும் மகனும், வேறு யாராக இருக்க முடியும்? மகனுக்குப் பதின்மூன்று, தகப்பனுக்குப் பதினேழு! டிலக்சனின் ஒழுங்கையிலோ தமிழ்ப் பிள்ளைகளும் சிங்களப் பிள்ளைகளும் ஒன்றாகத்தான் பந்தடிக்கிறார்கள். சிங்களத்தில் அய்யா என்றால் அண்ணன். கணக்கில் வருகிற அண்ணன் தம்பியைவிட நாலு வயது மூப்பு, அவனுக்கு அதில் என்ன அதிசயம்?

"சுதன், சிங்களத்தில என்ன இருந்தது?" என்று கேட்டேன்.

"அய்யாவும் மல்லியும், மிஸ்."

"மல்லியைத் தம்பியாக்கினீர். அய்யாவை ஏன் விட்டீர்?"

சுதனின் காது இரண்டும் சிவந்துபோயின. "அது ஏற்கெனவே தமிழ் மாதிரி இருந்திச்சு, மிஸ்."

இப்படி ஒரு பிழையை லண்டனில் விட முடியுமா, சென்னையில்தான் விட முடியுமா? கொழும்பில் மட்டும்தான் முடியும். ஆனால் அந்த நேரத்தில் அதை ரசிக்க எங்கே விட்டார்கள்! வெள்ளவத்தைப் பொறுப்பாசிரியை எழும்பி, "ஐயா எண்டா தகப்பன். எங்கட பிள்ளை சொன்னதுதான் சரி" என்றார். கொட்டாஞ்சேனைப் பொறுப்பாசிரியர் எழும்பி, "அய்யா எண்டா அண்ணன். விடைத்தாள்ல இருக்கிறதுதான் சரி" என்றார். இரண்டு பேரும் பிறகு என்னைப் பார்த்தார்கள். ஒருவர் என் அயல்வீட்டுக்காரரின் மருமகள், மற்றவர் என்னோடு ஒரே ஆசிரியர் அறையில் தேத்தண்ணி குடித்தவர்.

தலைமை நடுவர் மைக்கை எடுத்தார். "எங்கட ஊட்டுல தகப்பன் வாப்பா, அண்ணன் நானா. எனக்கு இந்தப் பிரச்சினையே இல்ல" என்றார். மண்டபம் முழுக்கச் சிரித்தது. அவர் மைக்கை என் பக்கம் தள்ளிவிட்டு, குரலைத் தாழ்த்தி, "நீங்க சொல்லுங்க மிஸ். பொடியன் உங்கட ஸ்கூல் எண்டதையும் நெனப்புல வச்சிக்கிட்டு சொல்லுங்க" என்றார். அந்தக் கடைசி வசனம் ஊசி மாதிரி ஏறியது.

இந்த இடத்தில் நீங்கள் இருந்தால் என்ன செய்வீர்கள்? யோசியுங்கள். என் கையில் ஒரு நல்ல சாட்டு இருந்தது. யதுஷா "விடை இல்லை" என்றாள் அல்லவா? கணிதத்தில் அது பிழை. அந்த இரண்டு சமன்பாட்டுக்கும் விடை இருக்கிறது, பதினேழும் பதின்மூன்றும். கதைக்குத்தான் அந்த விடை பொருந்தவில்லை. ஒரு தகப்பனின் வயதாகப் பதினேழு வராது என்று அவள் சொல்லியிருந்தால் வேறு. விடை இல்லை என்பது வேறு. இதைச் சொல்லிக் கொட்டாஞ்சேனைக்குக் கிண்ணத்தைக் கொடுத்திருந்தால் ஒருவரும் என்னைக் குற்றம் சொல்ல முடியாது. பரீட்சைத் தாளாக இருந்தால் நானே அவளுக்குப் புள்ளி குறைத்திருப்பேன்.

ஆனால் அந்தப் பிள்ளை என்ன செய்தது என்று பாருங்கள். விடை கையில் வந்துவிட்டது. வாயில் பாதி வந்தும்விட்டது. சொன்னால் கிண்ணம். அந்த இடத்தில் நிறுத்தி, இது ஒரு மனிதருடைய வயதா என்று யோசித்தது. இதைத்தானே நான் கொட்டாஞ்சேனையில் கரடியாகக் கத்தினேன்? இத்தனை வருடம் கேட்டதை ஒரு பிள்ளை செய்யும்போது, எங்கள் பாடசாலைப் பிள்ளை இல்லை என்பதற்காகத் தோற்கடிக்கவா?

மைக்கை எடுத்து இருவரிடமும் ஒரே கேள்வியைக் கேட்டேன். "x யார்?"

"எங்கட ஐயா, மிஸ். அப்பா" என்றாள் யதுஷா.

"எங்க பெரிய அய்யா, மிஸ். அண்ணன்" என்றான் டிலக்சன்.

"இரண்டு பேரும் சரியான கணக்குத்தான் செய்தீர்கள். செய்தது இரண்டு கணக்கு. கேள்வி ரத்து" என்றேன்.

ஐயோ, கொட்டாஞ்சேனைப் பக்கம் எழும்பிய அந்தக் குரல்! என் பழைய நண்பர், அந்தப் பொறுப்பாசிரியர், என்னைப் பார்த்த பார்வையில் நான் கதிரைக்குள் சுருண்டுபோனேன். கையில் கிடைத்த கிண்ணத்தைப் பறித்தவள் நான்தானே. டிலக்சன் மட்டும் தலையைச் சொறிந்துகொண்டு, "அப்ப வேற கேள்வி தாங்க, மிஸ்" என்றான்.

வேறு கேள்விக்கு எங்கே போவது? மேலதிகக் கேள்விகள் ஒரு கட்டு இருந்தது. "அதையும் இவர்தான் தமிழாக்கினதா?" என்று தலைமை நடுவர் சுதனைக் காட்டிக் கேட்டார். ஓம் என்றேன். "அப்ப வேணாம்" என்றார். யோசித்துப் பார்த்துவிட்டு நான் ஒரு வழி சொன்னேன். இவள் அவனுக்கு ஒரு கணக்குக் கொடுக்கட்டும், அவன் இவளுக்கு ஒரு கணக்குக் கொடுக்கட்டும். இரண்டு தெரியாக் கணியம், இரண்டு சமன்பாடு, சொந்தத் தமிழில். ஒருவர் தவறினால் மற்றவருக்குக் கிண்ணம். இருவரும் சொன்னால் கிண்ணம் இருவருக்கும், ஆளுக்கு ஆறு மாதம்.

முதலில் யதுஷா. "ஒரு மண்டபத்தில மூண்டு கால் ஸ்டூலும் நாலு கால் கதிரையும் சேர்த்து இருபது. கால்களை எண்ணினா எழுபத்திரண்டு. கதிரை எத்தினை, ஸ்டூல் எத்தினை?" நேர்மையான கணக்கு. டிலக்சன் கண்ணை மூடித் திறந்தான். "கதிர பன்னெண்டு, ஸ்டூல் எட்டு."

சரி. இனி யதுஷா சொல்லாவிட்டால் கொட்டாஞ்சேனைக்குக் கிண்ணம். டிலக்சன் மைக்குக்குக் கிட்டப் போனான். அவன் சிரிப்பைப் பார்த்தவுடனேயே ஏதோ விஷமம் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. அந்தச் சிரிப்போடு எத்தனை பேரை வகுப்பில் பார்த்திருக்கிறேன்!

"அய்யாட வயச ரெண்டு மடங்காக்கி, தம்பிட வயச மூணு மடங்காக்கி, கூட்டுனா எம்பது. அய்யாட வயச நாலு மடங்காக்கி, தம்பிட வயச ஆறு மடங்காக்கி, கூட்டுனா நூத்தியம்பது. ரெண்டு பேரு வயசும் என்ன?"

அடப் பாவி! இரண்டும் மூன்றும் அப்படியே இரட்டிப்பாகி நாலும் ஆறும் ஆகிவிட்டன. அப்படியென்றால் எண்பதும் இரட்டிப்பாகி நூற்றறுபது வரவேண்டும். இவன் நூற்றைம்பது என்கிறான். இந்தச் சமன்பாடுகளுக்குத்தான் உண்மையில் விடை இல்லை. தாளில் வரைந்தால் புகையிரதப் பாதை மாதிரி ஒன்றையொன்று தொடாமல் போகிற இரண்டு கோடுகள். சரியான விடையாக அவள் எந்தச் சொல்லைச் சொல்ல வேண்டுமோ, அந்தச் சொல்லையே அவளால் இனிச் சொல்ல முடியாது என்று கணக்குப் போட்டுவிட்டான். சற்று முன்னர்தான் அதைச் சொல்லி, ஒரு மண்டபத்துக்கு முன்னால் பிழை என்று சொல்லக் கேட்டவள் அவள்.

யதுஷா எழுதினாள். பேனை ஒரு இடத்தில் நின்றது. நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை. சொல் பிள்ளை, சொல், என்று என் மனம் கத்தியது. கொட்டாஞ்சேனைப் பக்கம் போய்க் குந்தியிருந்த மனம்தான், எப்போது எழும்பி வந்தது என்று எனக்கே தெரியாது.

"மிஸ்," என்றாள் கடைசியில், "இதில ஐயா எண்டா ஆர்?"

மண்டபம் சிரித்தது. நான் சிரிக்கவில்லை. "கேள்வி கொடுத்தவர்தான் சொல்ல வேண்டும்" என்று டிலக்சனைக் காட்டினேன்.

"யாரா இருந்தாலும் ஒண்ணுதான்" என்றான் அவன்.

பக்கத்தில் இருந்த அவனுடைய கூட்டாளி அவன் முதுகில் ஓங்கி ஒரு அடி வைத்தான். யாராக இருந்தாலும் ஒன்றுதான் என்றால் என்ன அர்த்தம்? அப்பா என்று வைத்தாலும் சரிவராது, அண்ணன் என்று வைத்தாலும் சரிவராது. விடையையே வாயால் சொல்லிவிட்டானே!

யதுஷா பேனையைக் கீழே வைத்தாள். "அப்ப விடை இல்லை" என்றாள். இந்த முறை "சேர்" என்றும் சொல்லவில்லை, "மிஸ்" என்றும் சொல்லவில்லை.

"சரி" என்றேன். வெள்ளவத்தையும் கொட்டாஞ்சேனையும் சேர்ந்து கை தட்டியதை என் வாழ்க்கையில் அன்றுதான் கண்டேன். தலைமை நடுவர் எழும்பி நின்று கை தட்டினார். சுதன் மேடையில் நின்று கண்ணைத் துடைத்தார். முதல் ஆறு மாதம் யாருக்கு என்று சீட்டுக் குலுக்கினோம், வெள்ளவத்தைக்கு விழுந்தது.

பிறகு தேத்தண்ணியும் ரோல்ஸும் கொடுத்த இடத்தில் டிலக்சனைப் பிடித்தேன். "மடையா, ஏனடா சொன்னனீ? வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் கிண்ணம் முழுவதும் உங்களுக்கு."

"கேட்டாங்களே, மிஸ். x யாருண்டு கேட்டா சொல்லணும்தானே?"

எங்கள் பாடசாலைப் பிள்ளை! எனக்கு அவனை அடிப்பதா, கட்டிப்பிடிப்பதா என்று தெரியவில்லை. அந்த நேரம் பார்த்து யதுஷா ரோல்ஸ் தட்டோடு வந்தாள். அவள் கேட்டுக்கொண்டுதான் நின்றிருக்கிறாள்.

"மிஸ், அவர் சொல்ல முன்னமே எனக்குத் தெரியும்" என்றாள். "ரெண்டாம் தரமும் விடை இல்லை எண்டு சொல்லத்தான் வாய் வரேல்லை. அதுதான் சும்மா ஒரு கேள்வி கேட்டனான்."

டிலக்சன் வாயில் இருந்த ரோல்ஸை விழுங்கினான். "அப்ப நா சொல்லாட்டி நீங்க சொல்லியிருக்க மாட்டீங்களா?"

"தெரியாது."

அவன் அவளை ஒரு கணம் பார்த்தான். நடுவர் வேலை, புள்ளி, பாடசாலை எல்லாம் எனக்கு மறந்துபோனது, அவன் என்ன சொல்லப் போகிறான் என்று மட்டும் பார்த்துக்கொண்டு நின்றேன்.

"இல்ல," என்றான், "நீங்க சொல்லியிருப்பீங்க."